சாவிக்கு மறுப்பு, சைக்கிளுக்குச் சம்மதம்

ஆசிரியருக்கு வணக்கம்.

பத்தாம் வகுப்பு முடித்த பிள்ளை, டியூஷனுக்கு ஸ்கூட்டரில் தனியாகப் போகக் கேட்டால் மறுத்தே ஆக வேண்டும். 16 வயதில் கிடைக்கும் லைசென்ஸ் கியர் இல்லாத, 50 சிசிக்கு மிகாத வண்டிக்கு மட்டுமே. வீட்டில் நிற்பதோ 110 சிசி. மோட்டார் வாகனச் சட்டம் 199ஏ பிரிவின்படி பெற்றோருக்கு 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். வண்டியின் பதிவு 12 மாதம் ரத்தாகும். பிள்ளைக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது. இந்தக் கணக்கைப் பிள்ளையிடமே சொல்லுங்கள்.

வெறும் மறுப்போடு நின்றால் சாவி ஒருநாள் ஆணியிலிருந்து காணாமல் போகும். பதிலுக்குச் சைக்கிளைக் கொடுங்கள். பெடல் கீழே இருக்கும்போது குதிகாலை அதில் வைத்தால் முழங்கால் நேராக வேண்டும், அதுவே சீட்டின் சரியான உயரம். பிரேக்கை அழுத்தும்போது லீவர் கைப்பிடியைத் தொட்டால் கேபிள் தளர்ந்திருக்கிறது. பின்புறச் சிவப்பு ரிஃப்ளெக்டர் அவசியம்.

வழியைப் பிள்ளை தேர்ந்தெடுக்கட்டும். முதல் வாரம் பெரியவர் ஒருவர் பின்னால் போய்ப் பார்க்கட்டும். பெரிய சாலையை இறங்கித் தள்ளிக்கொண்டுதான் கடக்க வேண்டும், இதில் பேரமே இல்லை. திரும்பும் நேரத்தையும் பிள்ளையே சொல்லட்டும். அதற்குமேல் பத்து நிமிடம் கழியும்வரை போன் செய்யாதீர்கள், தயவுசெய்து. அம்மா அழைக்கிறாரே என்று ஒற்றைக் கையில் ஹேண்டில்பாரைப் பிடித்தபடி போனை எடுக்கும் பிள்ளைகளைத் தினமும் பார்க்கிறோம்.

- சாலைப் பாதுகாப்புப் பயிற்சியாளர்கள், திருச்சி