தெளிவுரை கோராதீர்கள்

அரசு உதவிபெறும் பள்ளிகளின் கோப்புகளைப் பார்க்கும் கல்வி அலுவலர்களுக்கு,

வணக்கம். பொருள், பார்வை என்று தலைப்பிட்டு எழுதியே பழகிய கை இது. உதவிபெறும் பள்ளி ஒன்றில் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். பார்வை போட ஆரம்பித்தால் அதுவே நாலு பக்கம் போகும். நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

எங்கள் பள்ளியில் அலுவலக உதவியாளர் ஒருவர் ஓய்வு பெற்றார். அனுமதிக்கப்பட்ட பணியிடம்தான். நிர்வாகம் ஓர் இளைஞரை நியமித்து, அரசுச் சம்பளத்துக்கான ஒப்புதல் கேட்டு உங்கள் அலுவலகத்துக்குக் கருத்துரு அனுப்பியது. திரும்பி வந்தது. குறை தீர்த்து அனுப்பினோம். வேறொரு குறையோடு திரும்பியது. மூன்றாம் முறை குறை எதுவும் இல்லை, 'ஏற்க இயலாது' என்ற ஒற்றை வரி மட்டும். மணி அடிப்பது, தேர்வுக்கு பெஞ்சு தூக்குவது, தபால் கொண்டுபோவது எல்லாம் அவர்தான். தன்னுடைய கருத்துருவையே மூன்று முறையும் சுமந்துகொண்டு போனதும் அவர்தான். நிர்வாகம் கைக்காசிலிருந்து மாதம் 4,000 ரூபாய் கொடுத்தது.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போட்டார். நியமன நாள் முதல் ஒப்புதல் வழங்கி, நிலுவைச் சம்பளத்தையும் 12 வாரத்துக்குள் கொடுக்கச் சொல்லி ஆணை வந்தது. அதன் நகலை உங்கள் அலுவலகங்களில் ஒன்று முத்திரை குத்தி வாங்கிக்கொண்ட அன்று, ஸ்டாஃப் ரூமில் எல்லோருக்கும் லட்டு கொடுத்தார்.

லட்டு கொஞ்சம் அவசரம். 11-ஆவது வாரம் அந்த அலுவலகம் மேலிடத்துக்கு எழுதியது: 'தெளிவுரை கோரப்படுகிறது.' ஆணையில் விளங்காத சொல் எது என்று நானும் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு தேடினேன். கிடைக்கவில்லை.

கேட்டால் 'அப்பீல் போக உத்தேசம்' என்பீர்கள். போங்கள், அது உங்கள் உரிமை. அதற்கு 30 நாள் இருக்கிறது. ஆனால் மேல்முறையீடு தாக்கல் செய்துவிட்டாலே ஆணை நின்றுவிடாது, தடையாணை வாங்க வேண்டும். உத்தேசம் தடையாணை ஆகாது. அப்படியிருக்க, மாதக்கணக்கில் கழித்து, காலதாமத மன்னிப்பு மனுவோடு போய் நிற்கிறீர்கள். இதற்கிடையில் இன்னொரு கடிகாரமும் ஓடுகிறது. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு, அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்கு மேல் போனால் நடவடிக்கை தொடங்க முடியாது என்கிறது. இந்தக் கணக்கு உங்கள் சட்டப் பிரிவுக்குத் தெரியும். மணி அடிப்பவருக்குத் தெரியாது. 'அடுத்த மாசம் பார்ப்போம்' என்று நீங்கள் சொல்லச் சொல்ல அவர் நம்பிக்கொண்டிருப்பார்.

'பரிசீலித்து ஆணை பிறப்பிக்கவும்' என்று வரும் தீர்ப்புகளின் கதி இன்னும் மோசம். பழைய காரணத்தையே புது தேதி போட்டு நிராகரிக்கிறீர்கள். மறுபடி ரிட், மறுபடி வக்கீல் பீஸ். நிராகரிப்புக் கடிதத்தில் உச்ச நீதிமன்றத்தின் 2006-ஆம் ஆண்டு உமாதேவி தீர்ப்பு தவறாமல் இருக்கும். முறைப்படி நியமிக்கப்படாத தற்காலிகப் பணியாளர் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்ற தீர்ப்பு அது. அனுமதித்த பணியிடத்தில், நிர்வாகம் முறைப்படி நியமித்தவருக்கு அந்தத் தீர்ப்பு எப்படிப் பொருந்தும்? அதைக் கேடயமாக்கி, நெடுநாள் உழைத்தவர்களை மறுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில் சொன்னது. மத்திய நீர் ஆணையத்தில் பெருக்கித் துடைத்தவர்களின் வழக்கு அது.

எங்கள் அலுவலக உதவியாளர் அந்த ஒரு வருடக் கெடுவுக்குள் அவமதிப்பு மனு போட்டுவிட்டார். அதிகாரி நேரில் ஆஜராக வேண்டும் என்று உத்தரவானது. அதற்கு முந்தைய நாள் மத்தியானம், சாப்பாட்டு நேரத்துக்குள், ஒப்புதல் கையெழுத்தாகி வந்துவிட்டது. எந்தத் தெளிவுரையும் வந்து சேரவில்லை, தேவைப்படவும் இல்லை. அந்த முறை அவர் லட்டு கொடுக்கவில்லை. வக்கீலுக்குக் கொடுக்க வேண்டியது பாக்கி இருந்தது.

உங்களிடம் கேட்பது இதுதான். வரும் திங்கட்கிழமை உங்கள் நீதிமன்ற வழக்குப் பதிவேட்டை எடுங்கள். இரவுக் காவலர், ஆய்வக உதவியாளர், தூய்மைப் பணியாளர், இளநிலை உதவியாளர் என்று ஆசிரியரல்லாப் பணியாளர்களின் ஆணைகளில், நீதிமன்றம் கொடுத்த கெடு முடிந்தும் தடையாணை இல்லாதவற்றைத் தனியே பிரித்து வையுங்கள். அவற்றுக்கு அன்றைக்கே ஒப்புதல் எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஒருவர்