மலைப்பாம்புக்கு முதல் பக்கம், கட்டுவிரியனுக்கு நான்கு வரி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற வாரம் தங்கள் நாளிதழின் கடலூர் பதிப்பில், பண்ருட்டிக்கு மேற்கே ஒரு முந்திரித்தோப்பில் மலைப்பாம்பு ஒன்று அடித்துக் கொல்லப்பட்ட செய்தியை முதல் பக்கத்தில் வண்ணப் படத்துடன் வெளியிட்டிருந்தீர்கள். "ஆளை விழுங்கும் ராட்சத மலைப்பாம்பு கொல்லப்பட்டதால் கிராம மக்கள் நிம்மதிப் பெருமூச்சு விட்டனர்" என்பது அதன் முதல் வாக்கியம். பாம்பின் நீளம் 9 அடி என்று நான்காவது வாக்கியத்தில் தாங்களே எழுதியிருக்கிறீர்கள். அந்த 9 அடிப் பாம்பு எந்த ஆளை, எந்த வழியாக விழுங்கும் என்பதையும் ஐந்தாவது வாக்கியத்தில் விளக்கியிருந்தால் என்னைப் போன்றவர்கள் தெரிந்துகொண்டிருப்போம்.

அதே நாள் இதழின் ஏழாம் பக்கத்தில், டெண்டர் விளம்பரத்துக்குக் கீழே, பாய் விரித்துத் தரையில் படுத்திருந்த ஒரு பெண்மணி இரவில் "விஷப்பூச்சி கடித்து" இறந்துபோனார் என்று நான்கு வரி இருந்தது. வலியில்லாமல் கடித்து, விடிவதற்குள் இமை சொருகி, மூச்சுத் தசைகள் செயலிழந்து உயிர் போகும்படி செய்யும் அந்தப் பூச்சியின் பெயர் கட்டுவிரியன் என்பது இந்த மாவட்டத்தில் எல்லோருக்கும் தெரியும். 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் இறந்தவர்கள் சுமார் 12 லட்சம் பேர் என்று 2020இல் வெளிவந்த ஆய்வு மதிப்பிட்டதும், 2024 நவம்பரில் தமிழக அரசு பாம்புக்கடியைக் கட்டாயம் அறிவிக்க வேண்டிய நோய்களின் பட்டியலில் சேர்த்ததும் தாங்கள் அறியாதவை அல்ல. அந்த 12 லட்சத்தில் மலைப்பாம்பின் பங்கு இல்லை, ஏனெனில் அதற்கு விஷமே இல்லை.

நான் மலைப்பாம்புக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. பெரிய பாம்பு மனிதனைக் கொன்றதும் உண்டு, விழுங்கியதும் உண்டு. இந்தோனேசியாவின் சுலாவேசித் தீவில் 2017இல் எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்குப் போன இளைஞர் ஒருவரையும், மறு ஆண்டு முனா தீவில் தோட்டத்தைப் பார்க்கப் போன பெண்மணி ஒருவரையும், 2024இல் தெற்கு சுலாவேசியில் மற்றொரு பெண்மணியையும் பாம்பின் வயிற்றைக் கிழித்துத்தான் வெளியே எடுத்தார்கள். பிலிப்பைன்ஸ் காடுகளில் வேட்டையாடி வாழ்ந்த ஆக்டா பழங்குடி ஆண்களில் நான்கில் ஒருவர் தம் வாழ்நாளில் இத்தகைய பாம்பின் தாக்குதலுக்கு உள்ளானவர் என்று 2011இல் வெளியான ஆய்வு கூறியது. ஆனால் அவை அனைத்தும் உடல் முழுவதும் வலை பின்னியதுபோல் கோலம் கொண்ட, இருபது அடியைத் தாண்டி வளரக்கூடிய வேறோர் இனம். நம் நாட்டில் அதைப் பார்க்க விரும்புபவர் நிக்கோபார் தீவுகளுக்குக் கப்பலேற வேண்டும். நம் முந்திரிக்காட்டில் இருப்பது பெருச்சாளியும் முயலும் தின்று, பெரும்பாலும் பத்தடிக்குள் அடங்கிவிடும் இந்திய மலைப்பாம்பு. அது ஒரு மனிதனை விழுங்கியதாக உறுதிசெய்யப்பட்ட செய்தி ஒன்றே ஒன்று தங்கள் அலுவலகத்துப் பழைய பிரதிகளில் கிடைத்தால் எடுத்து வெளியிடுங்கள். நான் வாயை மூடிக்கொள்கிறேன்.

"எலும்புகளை நொறுக்கிக் கொல்லும்" என்றும் அச்செய்தியில் ஒரு வரி. கால்நடை ஆய்வாளராக இந்த மாவட்டத்தில் பணியாற்றி ஓய்வுபெற்றவன் நான். பணியில் இருந்தபோது காடாம்புலியூர்ப் பக்கம் ஒரு தோப்பில் மலைப்பாம்பு வெள்ளாட்டுக் குட்டியை விழுங்கிவிட்டது என்று அழைத்தார்கள். நான் போய்ச் சேர்வதற்குள் ஊரே கூடி நின்று கூச்சல் போட்டதில், மிரண்ட பாம்பு தப்பியோடுவதற்காக விழுங்கியதைக் கக்கிவிட்டு, கறையான் புற்றுக்குள் தலையை நுழைத்துக்கொண்டிருந்தது. முந்திரிச் சருகின்மேல் கிடந்த அந்தக் குட்டியை என் கையால் தடவிப் பார்த்தேன். மயிர் முழுவதும் கோழையில் ஊறி உடலோடு ஒட்டிக் கிடந்தது. காதோரத்தில் ஊசி குத்தியதுபோல் பல் பதிந்த வரிசை தெரிந்தது. விலா எலும்பில் தொடங்கிக் கால் எலும்புவரை ஒன்றுகூட முறியவில்லை. இறுக்கும் பாம்பு எலும்பை நொறுக்குவதுமில்லை, மூச்சை மட்டும் அடைப்பதுமில்லை. இரத்த ஓட்டத்தையே சில நொடிகளில் நிறுத்திவிடுகிறது என்று 2015இல் எலிகளை வைத்துச் செய்த ஆய்வில் அளந்தே காட்டினார்கள். அந்த ஆட்டுக்காரப் பெண்மணிக்கு இழப்பீடு கேட்டு ஓர் அலுவலகத்துக்கு நானே உடன் சென்றபோது, படிவத்தில் பாம்புக்கு இடமில்லை என்று திருப்பி அனுப்பினார்கள். ஆட்டை இழந்தவருக்கு மலைப்பாம்பால் வரும் உண்மையான நட்டம் இதுதான். இதைப் பற்றி அப்போது எழுதிய கடிதமும் தங்கள் அலுவலகத்துக்கு வந்து சேர்ந்திருக்கும்.

வந்து சேர்ந்து காணாமற்போன கடிதம் அது ஒன்று மட்டுமல்ல. சில ஆண்டுகளுக்கு முன் "மலைப்பாம்புக் குட்டி பிடிபட்டது" என்ற குறிப்புடன் தாங்கள் வெளியிட்ட படத்தில் இருந்தது சுத்தமான கண்ணாடிவிரியன். முதுகில் சங்கிலி கோத்ததுபோல் மூன்று வரிசை வட்டங்கள், கழுத்திலிருந்து பிரிந்து தெரியும் முக்கோணத் தலை. படத்திலேயே அத்தனையும் தெளிவாக இருந்தன. மலைப்பாம்பின் மேலுள்ள திட்டுகள் ஒழுங்கற்றவை, சங்கிலி போல் அமைவதில்லை. இதைக் குறிப்பிட்டு அன்றே எழுதினேன், திருத்தம் வரவில்லை. அடுத்த மழைக்காலத்தில் எங்கள் தெருவிலேயே கல்லூரி மாணவன் ஒருவன், வைக்கோல் போருக்கு அடியில் குக்கர்போல் சீறிக்கொண்டிருந்ததை மலைப்பாம்புக் குட்டி என்று நம்பி, கைப்பேசியில் படம் எடுப்பதற்காகக் கையில் தூக்கினான். புதுச்சேரி மருத்துவமனையில் சிறுநீரகத்துக்கு டயாலிசிஸ் செய்து பிழைக்க வைத்தார்கள். வலது கட்டைவிரலின் மேற்கணு இன்று அவனுக்கு இல்லை. தங்கள் படத்தைப் பார்த்துத்தான் தூக்கினான் என்று நான் குற்றம் சாட்டவில்லை. பார்த்திருந்தாலும் வேறு விதமாக நடந்திருக்காது என்று மட்டும் சொல்கிறேன்.

மலைப்பாம்பால் மனிதனுக்கு ஆபத்து எங்கே இருக்கிறதோ, அங்கே தாங்கள் கைதட்டுகிறீர்கள். கோயில் திருவிழா ஒன்றில் மலைப்பாம்பைக் கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டு நின்ற வாலிபரின் படத்தைத் "துணிச்சல்காரர்" என்று தலைப்பிட்டு வெளியிட்டது நினைவிருக்கும். 2018இல் மேற்கு வங்கத்தின் ஜல்பைகுரியில், பிடித்த பாம்பைத் தோளில் போட்டுக்கொண்டு ஊராருக்குப் படம் எடுக்க நின்ற வனச்சரகர் ஒருவரின் கழுத்தையே அது இறுக்கியது. உடனிருந்தவர்கள் பிரித்து எடுத்ததால் தப்பினார். கனடாவில் 2013இல், கடைக்கு மேலிருந்த வீட்டில் கூண்டிலிருந்து தப்பிய ஆப்பிரிக்க மலைப்பாம்பு உறங்கிக்கொண்டிருந்த இரண்டு சிறுவர்களைக் கொன்றது. காட்டில் தன் போக்கில் கிடக்கும் பாம்பைக் காட்டிலும், கழுத்தில் கிடப்பதற்கும் கூண்டில் கிடப்பதற்கும்தான் அஞ்ச வேண்டும். அந்த வாலிபரின் படத்துக்குக் கீழே இதில் ஒரு வரியாவது இருந்ததா?

சென்ற வாரச் செய்திக்கே மீண்டும் வருகிறேன். பாம்பை அடித்தவர்களின் பெயர்களைத் தந்தையார் பெயருடன், அவர்கள் தடியுடன் நிற்கும் படத்தையும் சேர்த்து வெளியிட்டிருக்கிறீர்கள். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் மலைப்பாம்பு, புலியையும் யானையையும் போல முதல் அட்டவணையில் இருக்கிறது. அதைக் கொன்றால் 3 ஆண்டுக்குக் குறையாமல் 7 ஆண்டு வரை சிறை. விவரமறியாத அந்த இளைஞர்களிடம் வாக்குமூலம் வாங்கி, வண்ணத்தில் அச்சிட்டு, மாவட்டம் முழுவதும் விநியோகித்த பெருமை தங்களையே சேரும். பாம்பைப் பிடித்து அப்புறப்படுத்த ஓடிவந்து, வருவதற்குள் காரியம் முடிந்துவிட்டதைக் கண்டு திரும்பிய இருளர் பெரியவரை "பாம்பு பிடிப்பவர் ஒருவர்" என்பதோடு முடித்துவிட்டீர்கள். புளோரிடாவில் பெருகிவிட்ட பர்மிய மலைப்பாம்புகளைத் தேடிப் பிடிக்க 2017இல் அமெரிக்கர்கள் அழைத்துச் சென்றது மாசி சடையன், வடிவேல் கோபால் என்ற இரண்டு தமிழ்நாட்டு இருளர்களை. 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ விருதும் கிடைத்தது. நம் மாவட்டத்து இருளருக்குத் தங்கள் நாளிதழில் ஒரு பெயர்கூடக் கிடைக்கவில்லை.

ஊர்ப்பெயரையும் தவறாக அச்சிட்டிருக்கிறீர்கள் என்பதை இதோடு சேர்க்காமல் விட்டுவிடலாம் என்றுதான் நினைத்தேன். 2024 டிசம்பரில் தென்பெண்ணை வெள்ளத்தில் எங்கள் பக்கம் மூழ்கியபோதும் அதே தவறு வந்தது.

நான் கேட்பது பெரிதொன்றுமில்லை. வடகிழக்குப் பருவமழை தொடங்கிவிட்டது. தண்ணீர் ஏறிய புற்றுகளிலிருந்தும் வரப்புகளிலிருந்தும் எல்லா வகைப் பாம்புகளும் வீட்டுப்பக்கம் வரும், தங்களுக்கும் பாம்புச் செய்திகளுக்குப் பஞ்சமிருக்காது. அவை ஒவ்வொன்றின் அடியிலும், பாம்பைக் கண்டால் அடிக்காமல் தள்ளி நின்று தீயணைப்புத் துறையின் 101 எண்ணை அழைக்கவும், கடித்துவிட்டால் கட்டுப்போடுவதிலும் கீறுவதிலும் நேரத்தைக் கழிக்காமல் 108ஐ அழைக்கவும் என்று இரண்டு வரி சேர்த்து வெளியிட வேண்டுகிறேன். ராசிபலனில் ஒரு ராசிக்கு ஒதுக்கும் இடம்கூட இதற்குத் தேவைப்படாது. இக்கடிதத்தைச் சுருக்கி வெளியிடுவதானால், கண்ணாடிவிரியனைப் பற்றிய பகுதியை மட்டும் சுருக்காமல் விடவும்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற கால்நடை ஆய்வாளர்,
பண்ருட்டி வட்டம், கடலூர் மாவட்டம்.