மாநாடு அல்ல, பேரவை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த அரசமைப்புத் திருத்தங்கள் பற்றிய சிறப்புக் கட்டுரையில் ஒரு வாக்கியம்: 'உலகின் மிக நீளமான அரசமைப்பு இந்தியாவுடையது, அமெரிக்க மாநிலங்களின் அரசமைப்புகளோ சுருக்கமானவை, மக்களின் கையில் இருப்பவை.' ஒரே கல்லில் இரண்டு மாங்காய் அடிப்பது திறமைதான். இரண்டுமே அழுகல் என்பதுதான் வருத்தம்.

நாடுகளின் அரசமைப்புகளை மட்டும் எடுத்துக்கொண்டால் நம்முடையது நீளமானது, சந்தேகமில்லை. மாநிலங்களையும் சேர்த்துக்கொண்டு பேச வந்துவிட்டால் அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தை எங்கே வைப்பது? 1901இல் எழுதப்பட்ட அதன் அரசமைப்பு ஏறத்தாழ 3.8 லட்சம் சொற்கள் வரை வளர்ந்தது. நம்முடையதைப் போல இரண்டரை மடங்கு. நம் திருத்தங்கள் 2023 வரை 106. அங்கே 2022க்குள்ளேயே 950ஐத் தாண்டிவிட்டன. உங்கள் இதழை வெட்டி ஒட்டிவைத்துத்தான் குரூப் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள் இருக்கிறார்கள். இது ஆசிரியர் குழுவுக்குத் தெரியாததல்ல.

இவ்வளவு நீளம் எப்படி வந்தது என்றாவது கட்டுரையாளர் தேடியிருக்கலாம். அலபாமாவில் நம் மாவட்டங்களைப் போன்ற கவுண்டிகளுக்குத் தன்னாட்சி மிகக் குறைவு. நம் ஊராட்சி ஒரு தீர்மானத்தில் முடித்துவிடக்கூடிய காரியத்துக்குக்கூட அங்கே மாநிலச் சட்டமன்றத்தின் வாசலில் போய் நிற்க வேண்டும்; பல விஷயங்களுக்கு அரசமைப்பையே திருத்த வேண்டும். லைம்ஸ்டோன் கவுண்டியில் செத்த பண்ணை விலங்குகளையும் கோழி எச்சத்தையும் எப்படி அப்புறப்படுத்துவது என்பது அரசமைப்புத் திருத்தமாக ஏறியிருக்கிறது. பிங்கோ ஆட்டத்துக்கு அனுமதி தரும் திருத்தங்கள் கவுண்டிவாரியாக வரிசைகட்டி நிற்கின்றன. மொத்தத் திருத்தங்களில் பெரும்பான்மை இப்படி ஏதோ ஒரு கவுண்டிக்கோ ஊருக்கோ மட்டும் உரியவை.

சொத்து வரியைக் கொஞ்சம் ஏற்றுவதானால் முதலில் கவுண்டி ஆணையம் பொது விசாரணை நடத்த வேண்டும். பிறகு மாநிலச் சட்டமன்றம் தனிச் சட்டம் இயற்றி ஒப்புதல் தர வேண்டும். அதன்பின் உள்ளூர் வாக்கெடுப்பு. மூன்றில் ஒன்று தவறினாலும் பள்ளிக்கூடத்துக்குக் காசில்லை. இதற்கு மேல் எந்த வகைச் சொத்துக்கு அதன் மதிப்பில் எத்தனை சதவீதத்துக்குத்தான் வரி கணக்கிடலாம் என்ற உச்சவரம்பும், வருமான வரி 5 சதவீதத்தைத் தாண்டக்கூடாது என்ற கட்டும் அரசமைப்பிலேயே இருக்கின்றன. பெரிய தோட்டக்காரர்களும் மரக்காடு வைத்திருப்பவர்களும் நிம்மதியாகத் தூங்குவது இதனால்தான்.

'மக்களின் கையில்' என்றீர்களே, அந்த 1901 அரசமைப்புக்கும் மக்கள் வாக்களித்தார்கள்தான். எழுதிய 155 உறுப்பினர்களும் வெள்ளையர்கள். வெள்ளையர் ஆதிக்கத்தைச் சட்டப்படி நிலைநாட்டுவதே நோக்கம் என்று அவைத் தலைவர் ஜான் நாக்ஸ் தொடக்க உரையிலேயே ஒளிக்காமல் சொன்னார். வழிமுறை: ஓட்டுப் போட எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும் அல்லது சொத்து இருக்க வேண்டும்; அதோடு ஆண்டுக்கு ஒன்றரை டாலர் தலைவரியும் கட்ட வேண்டும். கட்டாத ஆண்டுகளின் பாக்கி சேர்ந்துகொண்டே போய் 36 டாலர் வரை ஏறும். கறுப்பினத்தாரோடு ஏழை வெள்ளையரும் இதில் ஓட்டை இழந்தார்கள்.

அந்த ஒப்புதல் வாக்கெடுப்பின் கணக்கைப் பாருங்கள். கறுப்பினத்தார் பெரும்பான்மையாக வாழ்ந்த டல்லஸ், ஹேல், வில்காக்ஸ் ஆகிய மூன்று கவுண்டிகளில் ஆதரவு 17,475, எதிர்ப்பு 508. அங்கிருந்த வாக்குரிமை வயது வெள்ளைய ஆண்களோ 6,000 பேருக்கும் குறைவு. அதாவது தங்கள் ஓட்டுரிமையைப் பறிக்கச் சொல்லிக் கறுப்பினத்தார் ஆயிரக்கணக்கில் வரிசையில் நின்று ஆதரவு ஓட்டுப் போட்டார்களாம். கள்ள ஓட்டில் நம்மூர்க்காரர்கள்தான் கெட்டிக்காரர்கள் என்று இனிமேல் யாரும் பெருமைப்பட வேண்டாம்.

இந்த அரசமைப்பைத் திருத்தி எழுதுவதற்கான அரசியலுக்குக் கட்டுரை ஒதுக்கியது நான்கு வரி. அதில் ஒரு வரி மொழிபெயர்ப்புப் பிழை: 'அரசியல் சட்ட மாநாடு கூட்டப்பட வேண்டும்.' படித்ததும் பந்தலும் தோரணமும் பிரியாணிப் பொட்டலமும்தான் கண்முன் வந்தன. அது மாநாடு அல்ல ஐயா, அரசமைப்பை எழுதுவதற்கென்றே கூடும் பேரவை. அரசியல் நிர்ணய சபை என்ற நல்ல சொல் நம்மிடம் 1946இலிருந்து புழக்கத்தில் இருக்கிறது.

அந்தப் பேரவை கூடவே இல்லை என்பதுதான் விஷயம். அதைக் கூட்டச் சட்டமன்றத்தின் பெரும்பான்மை வேண்டும், பிறகு மக்கள் ஒப்புதலும் வேண்டும். கவுண்டிகள் ஒவ்வொரு காரியத்துக்கும் தங்களிடம் வந்து நிற்பதே உறுப்பினர்களின் செல்வாக்கு. அதைக் கலைக்கக்கூடிய பேரவையை அவர்களே கூட்டுவார்களா? 1983இல் வேறு வழி பார்த்தார்கள். முழுப் புது அரசமைப்பையும் ஒரே 'திருத்தம்' என்று பெயரிட்டு வாக்கெடுப்புக்கு அனுப்ப முயன்றார்கள். புதிதாக எழுதப் பேரவைதான் வேண்டும் என்று மாநில உச்ச நீதிமன்றம் நிறுத்திவிட்டது.

2004இல் நடந்தது இன்னும் விசித்திரம். வெள்ளையருக்கும் கறுப்பினத்தாருக்கும் தனித்தனிப் பள்ளி என்ற செத்துப்போன வாசகத்தையும் தலைவரி வாசகத்தையும் நீக்க ஒரு திருத்தம் வந்தது. அரசுச் செலவில் கல்வி பெறுவது உரிமை அல்ல என்று 1956இல் சேர்த்த வரியும் அதோடு போவதாக இருந்தது. 'அந்த வாசகம் போனால் பள்ளிகளுக்காக வரியை ஏற்றச் சொல்லி நீதிபதிகள் உத்தரவிடுவார்கள்' என்று கிளப்பிவிட்டார்கள். 1,850 ஓட்டில் திருத்தம் தோற்றது. 2012இல் மறுபடி வந்தபோது இனவாத வாசகம் போகும், கல்வி உரிமை அல்ல என்பது மட்டும் நிற்கும் என்று மாற்றியிருந்தார்கள். இந்த முறை ஆசிரியர் சங்கமும் கறுப்பினத் தலைவர்களும் எதிர்த்தார்கள். பத்தில் ஆறு பேர் வேண்டாம் என்றார்கள். வெளியூர்ப் பத்திரிகைகளில் இரண்டுக்கும் ஒரே தலைப்பு: 'இனவாதத்துக்கு ஆதரவு.' உங்கள் கட்டுரையும் அதையே வழிமொழிந்திருக்கிறது.

கடைசியில் 2020இல் மக்களிடம் அனுமதி வாங்கி, 2022 நவம்பரில் ஒப்புதலும் பெற்று, இனவாத வாசகங்களை நீக்கி, உள்ளூர்த் திருத்தங்களைக் கவுண்டிவாரியாக அடுக்கினார்கள். 'புதிய அரசமைப்பு' என்று எழுதியிருக்கிறீர்கள். வரி உச்சவரம்பு அப்படியே இருக்கிறது, கவுண்டிகளின் கைக்கட்டும் அவிழவில்லை. பழைய பரணை ஒழுங்குபடுத்தியதற்குப் பெயர் புது வீடா?

அமெரிக்காவின் எல்லா மாநிலத்திலும் திருத்தத்துக்கு மக்கள் வாக்கு வேண்டும் என்று கட்டுரை சொல்வதும் பிழை. டெலவேரில் தேவையில்லை. அடுத்தடுத்துத் தேர்ந்தெடுக்கப்படும் இரு சட்டமன்றங்களில் மூன்றில் இரண்டு பங்கு கிடைத்தால் முடிந்தது.

பழைய கணக்கு ஒன்றும் பாக்கி இருக்கிறது. 'இந்தியாவில் எந்த மாநிலத்துக்கும் தனி அரசமைப்பு இருந்ததில்லை' என்று முன்பு கேள்வி பதில் பகுதியில் அச்சிட்டீர்கள். 1957 ஜனவரி 26 முதல் 2019 வரை ஜம்மு காஷ்மீரில் நடைமுறையில் இருந்தது என்னவாம்? அப்போதும் எழுதினேன். கடிதம் வரவில்லை, அந்தப் பக்கத்தில் கோலப்போட்டி முடிவு வந்திருந்தது. பரிசு பெற்றவர்களுக்கு என் தாமதமான வாழ்த்துகள்.

இப்போது கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த இதழில் 'உலகின்' என்பதற்குப் பதிலாக 'உலக நாடுகளின் அரசமைப்புகளிலேயே' என்று ஒரு திருத்தம் போடுங்கள், 'மாநாடு' என்பதைப் 'பேரவை' ஆக்குங்கள். இடம் போதாது என்றால் கட்டுரையோடு வந்த அரைப்பக்கப் படத்தைக் குறைத்துக்கொள்ளலாம். 'மான்ட்கோமரியில் உள்ள அலபாமா சட்டமன்றம்' என்று கீழே போட்டிருக்கிறீர்கள். அது வாஷிங்டன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அரசியல் அறிவியல் ஆசிரியர்,
நெடுநாள் சந்தாதாரர்