பெயர் ஒன்று, ஆள் யார்?

அன்புள்ள நண்பருக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. வீட்டில் எல்லோரும் நலம் என்பதையும், பேத்தி பொறியியல் படிப்பில் சேர்ந்துவிட்டாள் என்பதையும் அறிந்து மகிழ்ந்தேன். எனக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்து, பொடி எழுத்தும் இப்போது தெளிவாகத் தெரிகிறது. அதனால் இந்தப் பதிலைச் சற்று நீட்டியே எழுதப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஆய்வகத்தில் உங்களோடு வால்வு வடிவமைப்பில் ஈடுபட்டிருந்து, பின்னர் வெளிநாடு சென்று தொடர்பற்றுவிட்ட அந்தப் பழைய தோழரைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். முகநூலிலும் லிங்க்ட்இன்னிலும் தேடிச் சலித்துவிட்டதாக எழுதிவிட்டு, அங்கே போன பிறகு அவர் ஏதோ காப்புரிமைகூட வாங்கியதாகக் கேள்விப்பட்டதைப் போகிற போக்கில் சொல்லியிருந்தீர்கள். காப்புரிமை வழக்கறிஞர் ஒருவரின் அலுவலகத்தில் தேடல் வேலையிலேயே பணிக்காலத்தைக் கழித்தவன் என்பதால், கடிதம் முழுவதிலும் அந்த ஒரு செய்திதான் என் கண்ணில் பட்டது. தேடலை அங்கிருந்து தொடங்குவதே சரி என்று நினைக்கிறேன்.

சமூக ஊடகத்தில் ஒருவர் இருப்பதும் இல்லாமற்போவதும் அவரவர் விருப்பம். காப்புரிமை ஆவணம் அப்படிப்பட்டதன்று. உரிமை ஒரு நிறுவனத்தின் கையில் இருக்கலாம், விண்ணப்பத்தையும் நிறுவனமே செய்யலாம். ஆனால் கண்டுபிடித்தவர் என்ற இடத்தில் ஒரு மனிதரின் பெயர்தான் வர வேண்டும். விற்பனைக் கையேட்டில் வடிவமைத்தவரின் பெயரை நிறுவனம் பெரும்பாலும் அச்சிடுவதில்லை. அதே பொருளின் காப்புரிமையில் அந்தப் பெயரை மறைக்க அதற்கு வழியில்லை. பொது விதியாக, முதல் தாக்கல் நாளிலிருந்து 18 மாதங்கள் கழிந்ததும் விண்ணப்பம் உலகத்தின் பார்வைக்கு வந்துவிடுகிறது. அமெரிக்காவில் இது 2000 நவம்பர் 29 முதல் தாக்கலானவற்றுக்கே பொருந்தும். அதற்கு முன் அங்கே காப்புரிமையாக வழங்கப்பட்டவை மட்டுமே வெளியாயின. கைவிடப்பட்டவை இருளிலேயே தங்கிவிட்டன. ஆகவே எண்பதுகளில் அவர் விண்ணப்பித்துத் தோற்றிருந்தால் அங்கே தடயம் கிடைக்காது. அதைக் கொண்டு அவர் எதுவுமே செய்யவில்லை என்று முடிவுகட்டிவிட வேண்டாம்.

முதற்பக்கத்தைப் படிக்கும் முறையைச் சொல்லிவிடுகிறேன். பெரும்பாலான நாடுகளின் இக்கால ஆவணங்களில் ஒவ்வொரு விவரத்துக்கும் முன்னால் ஈரிலக்க எண் ஒன்று இருக்கும். இவை உலக அறிவுசார் சொத்து நிறுவனம் வகுத்த பொது எண்கள். 72 என்றால் கண்டுபிடிப்பாளர், 71 விண்ணப்பதாரர், 73 உரிமையாளர், 74 வழக்கறிஞர், 22 தாக்கல் செய்த நாள். பழைய அமெரிக்க ஆவணங்களில் கண்டுபிடித்தவரே விண்ணப்பதாரராகவும் இருந்தால் 75 என்று போட்டிருப்பார்கள். ஜப்பானிய ஆவணத்தையோ கொரிய ஆவணத்தையோ ஓர் எழுத்துகூடத் தெரியாமல் கையில் எடுத்தாலும், 72-ஐத் தேடிப்போனால் ஆள் எந்த வரியில் இருக்கிறார் என்பது தெரிந்துவிடும். பணியில் இருந்தபோது மொழி தெரியாத ஆவணக் கட்டுகளை நான் இப்படித்தான் பிரித்துவைப்பேன்.

பெயருக்குப் பக்கத்தில் இருப்பதுதான் நமக்கு வேண்டியது. அமெரிக்கக் காப்புரிமையில் கண்டுபிடிப்பாளர் வசிக்கும் ஊரும் மாநிலமும் இருக்கும். ஜெர்மானிய ஆவணத்தில் அஞ்சல் குறியீட்டு எண்ணோடு ஊர் இருக்கும். இந்தியக் காப்புரிமை இதழ் வெள்ளிக்கிழமைதோறும் வெளிவருகிறது; அதில் முழு முகவரியே இருப்பதுண்டு. ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகம் 2021 ஏப்ரல் முதல் கண்டுபிடிப்பாளரின் நாட்டையும் ஊரையும் மட்டும் கேட்கிறது. தன் பெயரே வெளியிடப்பட வேண்டாம் என்று எழுதிக்கொடுக்கும் உரிமையும் அங்கே அவருக்கு உண்டு. இவை யாவும் தாக்கல் செய்த நாளன்று இருந்த நிலை என்பதையும், முகவரி என்று இருப்பது பல நேரங்களில் நிறுவனத்தின் முகவரிதான் என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

அதனால் ஓர் ஆவணத்தைக் கொண்டு ஆளைத் தேடுவதை நான் விரும்புவதில்லை. அவர் பெயரில் இருக்கும் எல்லாவற்றையும் தாக்கல் நாள் வரிசையில் அடுக்கிப் பாருங்கள். முதல் மூன்று ஆவணங்களில் ஒரே ஊர், ஒரே நிறுவனம். நான்காவதில் ஊர் அதுவேதான், நிறுவனம் வேறு. ஐந்தாவதில் இரண்டுமே மாறிவிட்டன என்று வைத்துக்கொள்வோம். எந்த ஆண்டுகளுக்கு இடையில் வேலை மாறினார், எப்போது வீடு மாற்றினார் என்று ஒரு வாழ்க்கைக் கோடு தானாகவே விழுகிறது. அதைவிட மதிப்புள்ளது உடன் கண்டுபிடித்தவர்களின் பட்டியல். நம்மவர் ஓய்வுபெற்று ஒதுங்கியிருந்தாலும், அவரோடு கையொப்பமிட்ட நால்வரில் வயதில் இளையவர் ஒருவர் இன்னும் பணியில் இருக்கக்கூடும். அவரைக் கண்டுபிடிப்பது மிக எளிது.

இனித் தொல்லைக்கு வருகிறேன். தொல்லை முழுவதும் பெயரில்தான் இருக்கிறது. குடும்பப்பெயர் இல்லாதவர்களை வெளிநாட்டுப் படிவங்கள் என்ன பாடுபடுத்தும் என்பது உங்களுக்குத் தெரியும். தலைப்பெழுத்தை விரித்தெழுதி, தந்தையின் பெயரைக் குடும்பப்பெயர்க் கட்டத்தில் போட்டுவிடுவார்கள். அடுத்த விண்ணப்பத்தில் இரண்டும் இடம் மாறியிருக்கும். மூன்றாவதில் தலைப்பெழுத்தே காணாமற்போயிருக்கும். பெண்களைத் தேடுவது இன்னும் கடினம். நடிகை ஹெடி லாமர், இசையமைப்பாளர் ஜார்ஜ் ஆன்தெயிலுடன் சேர்ந்து, அலைவரிசையை மாற்றிக்கொண்டே செல்லும் இரகசியத் தொடர்பு முறைக்கு 1942 ஆகஸ்ட் 11 அன்று பெற்ற காப்புரிமையின் எண் 2,292,387. அந்த ஆவணத்தில் லாமர் என்ற பெயரே கிடையாது; பிறந்தபோது இருந்த பெயரும் அவர் மணந்திருந்த ஒருவரின் குடும்பப்பெயரும் சேர்ந்து ஹெடி கீஸ்லர் மார்க்கி என்றுதான் இருக்கிறது. உலகமே அறிந்த ஒருவருக்கே இந்த நிலை.

பெயர் மாறினால் ஆள் கிடைக்கமாட்டார். பெயர் ஒத்துப்போனாலோ தவறான ஆள் கிடைப்பார். எனக்கு இரண்டாவதில்தான் அச்சம் அதிகம். அமெரிக்காவின் முதல் காப்புரிமை 1790 ஜூலை 31 அன்று, சாம்பலிலிருந்து பொட்டாஷ் எடுக்கும் முறைக்காகச் சாமுவேல் ஹாப்கின்ஸ் என்பவருக்கு ஜார்ஜ் வாஷிங்டனின் கையொப்பத்துடன் வழங்கப்பட்டது. அந்த ஹாப்கின்ஸ் வெர்மான்ட் மாநிலத்துப் பிட்ஸ்ஃபோர்டைச் சேர்ந்தவர் என்று நெடுங்காலம் எழுதப்பட்டு வந்தது. அவ்வூரில் நினைவுப் பலகையே நட்டிருந்தார்கள். காப்புரிமையின் மூலத்திலோ பிலடெல்பியா நகரத்துச் சாமுவேல் ஹாப்கின்ஸ் என்று தெளிவாக இருக்கிறது. டேவிட் மேக்ஸி என்பவர் 1998-இல் வெளியிட்ட ஆய்வில், அவர் பிலடெல்பியாவைச் சேர்ந்த, குவாக்கர் சமயப் பிரிவினரான ஹாப்கின்ஸ்தான் என்பதை நிறுவினார். ஒரு நாட்டின் முதல் காப்புரிமையிலேயே ஊரைப் பார்க்காமல் பெயரை மட்டும் பிடித்துக்கொண்டு வேறொருவருக்குப் பலகை வைத்திருக்கிறார்கள். நம் தோழரின் பெயரோ ஹாப்கின்ஸைவிடப் பல மடங்கு அதிகம் வழங்கும் பெயர்.

ஆகவே பெயரோடு வேறொன்றையும் சேர்த்தே தேட வேண்டும். காப்புரிமைகள் பொருள்வாரியாக வகைப்படுத்தப்பட்டிருக்கின்றன. வால்வுகளுக்கான வகை எஃப்16கே. கூகுள் பேட்டன்ட்ஸிலோ ஐரோப்பிய அலுவலகத்தின் எஸ்பாசெனட் தேடல் தளத்திலோ பெயரையும் இந்த வகையையும் சேர்த்துக் கொடுத்தால், அதே பெயருள்ள மருந்தியலாளரும் மென்பொருளாளரும் விலகிப்போவார்கள். 1976-க்கு முந்தைய அமெரிக்க ஆவணங்களின் எழுத்தைப் படத்திலிருந்து கணினி படித்தெடுத்திருப்பதால், அதில் பிழைகள் மலிந்திருக்கும். அங்கே பெயரை நம்பாமல் வகையையும் ஆண்டையும் கொண்டே துழாவ வேண்டும். ஒரே பெயருள்ள கண்டுபிடிப்பாளர்களைக் கணினியே பிரித்து ஆளுக்கோர் அடையாள எண் கொடுக்கும் பேட்டன்ட்ஸ்வியூ போன்ற முயற்சிகளும் உள்ளன. அவை கணிப்பு, சான்று அல்ல.

உங்களுக்குத் தேவையில்லாத செய்திதான், ஆனாலும் சொல்லாமல் விட மனமில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்கக் காப்புரிமைகளின் வரைபடத் தாளில், கீழே ஒரு பக்கம் கண்டுபிடித்தவரின் பெயரும் மறுபக்கம் இரு சாட்சிகளின் கையொப்பமும் இருக்கும். பல தாள்களில் சாட்சி வழக்கறிஞரின் எழுத்தராகத்தான் இருப்பார். சிலவற்றில் கண்டுபிடித்தவரின் குடும்பப்பெயரோடே ஒருவர் கையொப்பமிட்டிருப்பார். குடும்ப வரலாறு தேடுவோருக்கு இயந்திரத்தைவிட அந்த மூலைதான் பெரிது. 1836 டிசம்பரில் வாஷிங்டன் காப்புரிமை அலுவலகம் தீக்கிரையானபோது, அதுவரை வழங்கப்பட்ட சுமார் 10,000 காப்புரிமைகளின் ஆவணங்கள் சாம்பலாயின. பின்னர் மீட்கப்பட்டவை மூவாயிரத்துக்கும் குறைவு. அந்த மூலைகளிலிருந்த கையொப்பங்களும் அவற்றோடு போயின.

நம் தோழருக்குத் திரும்புகிறேன். அவர் நம்மைவிட மூத்தவர் என்பதால் தயங்கியே எழுதுகிறேன்: முதலில் அவர் இருக்கிறாரா என்பதை அறிய வேண்டும். அதற்கும் இந்த ஆவணங்கள் உதவும். விண்ணப்பம் நிலுவையில் இருந்தபோதே கண்டுபிடித்தவர் காலமாகிவிட்டால், அமெரிக்கக் காப்புரிமையில் அவர் பெயரை அடுத்து மறைந்தவர் என்ற குறிப்பும், சட்டப்படியான பிரதிநிதியின் பெயரும் இருப்பதுண்டு. உரிமை கைமாறிய பதிவுகள் அங்கே 1980 ஆகஸ்ட் முதல் இணையத்தில் கிடைக்கின்றன. எழுதிக்கொடுத்தவர் உயில் நிறைவேற்றுநராக இருந்தால் செய்தி விளங்கிவிடும்.

மற்றப் பொது ஆவணங்களைச் சரிபார்ப்புக்கு மட்டும் வைத்துக்கொள்வேன். அவர் தனியாக நிறுவனம் தொடங்கியிருந்தால் நிறுவனப் பதிவேட்டில் இயக்குநராக இருப்பார். பிரிட்டனின் பதிவேட்டை யாரும் இலவசமாகப் பார்க்கலாம். இயக்குநரின் பிறந்த மாதமும் ஆண்டும் அதில் இருக்கும். பிறந்த தேதியை மட்டும் 2015 அக்டோபர் முதல் மறைத்துவிட்டார்கள். வீட்டு முகவரிக்குப் பதில் தொடர்பு முகவரி கொடுக்கும் வசதி 2009 முதலே உண்டு. நமக்கு அந்த மாதமும் ஆண்டுமே போதும், ஏனெனில் காப்புரிமையில் வயது கிடையாது. பெயரைத் தவிர வேறு ஒரு விவரத்திலாவது இரண்டு தனித்தனி ஆவணங்கள் ஒத்துப்போகும்வரை அவரைக் கண்டுபிடித்துவிட்டதாக நான் உங்களிடம் சொல்லமாட்டேன். பணம் வாங்கிக்கொண்டு முகவரி தரும் தளங்களின் பக்கம் போகாதீர்கள். ஒரே பெயருள்ள மூவரின் விவரங்களைக் கலந்து ஒருவராக்கித் தருவதில் அவை தேர்ந்தவை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அமெரிக்க நடிகை ரெபெக்கா ஷேஃபர் 1989-இல் தம் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். கொன்றவன், தனியார் துப்பறிவாளர் ஒருவர் மூலம், கலிபோர்னியாவின் மோட்டார் வாகனப் பதிவேட்டிலிருந்து அவருடைய முகவரியைப் பெற்றிருந்தான். வாகனப் பதிவுகளிலுள்ள தனிப்பட்ட விவரங்களைக் காக்கும் கூட்டாட்சிச் சட்டம் 1994-இல் வந்ததற்கு அந்தக் கொலையும் ஒரு காரணம். நம் நோக்கம் நல்லதுதான். ஆனால் கதவைத் தட்டுபவரின் நோக்கம் கதவுக்குள் இருப்பவருக்குத் தெரியாது. ஆகவே வீட்டு முகவரியே கிடைத்தாலும் அதற்கு எழுத வேண்டாம் என்பது என் கருத்து. உடன் கண்டுபிடித்தவர் ஒருவருக்கோ நம் தோழர் கடைசியாகப் பணியாற்றிய நிறுவனத்துக்கோ சுருக்கமாக ஒரு கடிதம் எழுதி, உள்ளே அவருக்கான உறையை வைத்து, முடிந்தால் அவரிடம் சேர்ப்பிக்கும்படி கேட்டுக்கொள்ளலாம். உங்கள் முகவரி அவர் கைக்குப் போகட்டும். அவருடைய முகவரியைத் தருவதா வேண்டாமா என்பதை அவர் முடிவு செய்யட்டும். பதில் வராவிட்டால் இரண்டாவது கடிதம் வேண்டாம். நீங்கள் வருந்துவீர்கள் என்பது தெரியும், இருந்தாலும் இதில் நான் பிடிவாதக்காரன்.

தேடலை நானே செய்து தருகிறேன். அவர் பெயரின் முழு விரிவு, தந்தையின் பெயர், ஆங்கிலத்தில் அவர் எழுதிவந்த எழுத்துக்கூட்டல்கள் எத்தனையோ அத்தனையும், பிறந்த ஆண்டு தோராயமாக, முதலில் எந்த நாட்டுக்குப் போனார் என்பது ஆகியவற்றை எழுதி அனுப்புங்கள். அவர் கையொப்பமிட்ட பழைய ஆய்வறிக்கையோ வரைபடமோ உங்களிடம் இருந்தால், அந்தப் பக்கத்தின் நகலையும் சேர்த்து அனுப்புங்கள். விண்ணப்பக் கோப்பு இணையத்தில் ஏற்றப்பட்டிருந்தால் அதிலுள்ள உறுதிமொழியில் அவர் கையொப்பம் இருக்கும், இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிடலாம். வால்வைப் பற்றி இருவரும் சேர்ந்து எழுதிய குறிப்பேடு இன்னும் இருக்கிறதா என்றும் பாருங்கள். அவர் எஃப்16கே-யை விட்டு வேறு துறைக்குப் போயிருந்தால், எங்கே போயிருக்கக்கூடும் என்பதை அந்தக் குறிப்பேட்டிலிருந்து ஊகிக்கலாம்.

வீட்டில் அனைவருக்கும் என் அன்பைச் சொல்லுங்கள்.

என்றும் அன்புடன்,
உங்கள் பழைய நண்பன்