சுருக்கத்தில் சேவல் இல்லை

தருமபுரி
வைகாசி, ஞாயிறு

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. அம்மாவும் நானும் நலம். போனிலேயே பேசியிருக்கலாம். ஆனால் நீ "சரிப்பா, சரிப்பா" என்று முடித்துவிடுவாய். அதனால்தான் கடிதம்.

வீட்டுக்கு வெள்ளையடிக்கப் போகிறோம் என்றதும், பரண்மேல் இருக்கிற மூன்று சாக்குப் புத்தகத்தையும் எடைக்குப் போட்டுவிடச் சொன்னாய். அதில் இருப்பதெல்லாம் இப்போது போனிலேயே கிடைக்கிறதாம், ஒவ்வொரு ஞானியையும் பத்து நிமிஷத்தில் சொல்லிவிடுகிறார்களாம், ஆபீஸ் பஸ்ஸில் போகும்போதே சாக்ரடீஸ் முதல் சங்கரர் வரை கேட்டு முடித்துவிட்டாயாம். எனக்குக் கோபம் இல்லை. கேட்கிறாயே, அதுவே சந்தோஷம். சாக்ரடீஸைப் பற்றி என்ன சொன்னார்கள் என்றேன். "உன்னையே நீ அறிவாய் என்றார், விஷம் குடித்துச் செத்தார்" என்றாய். சேவலைப் பற்றிச் சொன்னார்களா என்றேன். "என்ன சேவல்?" என்றாய். அன்று முழுக்க எனக்கு அதே நினைப்பு.

இந்தப் புத்தகங்கள் எப்படி வந்தன என்று உனக்குத் தெரியும். நூலகத்திலிருந்து பைண்டிங்குக்கு வரும் கட்டில் நாவல் என்றால் முதுகு பிய்ந்து, பக்கமெல்லாம் எண்ணெய்க் கறையாக வரும். தத்துவம் மட்டும் யார் கையும் படாமல் செல்லரித்து வரும். அப்படிக் கழித்துக் கட்டியதைத்தான் கூலியில் கழித்துக்கொண்டு வாங்கினேன். படிக்கிற ஆசையில் வாங்கியதாகப் பெருமை பேச மாட்டேன். ஃபாரம் (அச்சகத்திலிருந்து மடித்து வரும் பக்கக் கட்டு) வரிசை தப்பாமல் இருக்கிறதா என்று பார்க்க, தைப்பதற்கு முன்பு பக்கத்தின் கடைசி வரியையும் அடுத்த பக்கத்தின் முதல் வரியையும் வாசிப்பேன். ஒருநாள் அப்படிப் பார்க்கும்போது சேவல் கண்ணில் பட்டது. தையலை நிறுத்திவிட்டு முன்பக்கம் போனேன்.

சாக்ரடீஸின் சீடர் பிளேட்டோ எழுதியது. கி.மு. 399, ஏதென்ஸ் சிறை. பிணத்தைக் குளிப்பாட்டும் வேலை பெண்களுக்கு இல்லாமல் போகட்டும் என்று சாக்ரடீஸ் தானே குளித்துவிடக் கிளம்புகிறார். உங்களை எப்படிப் புதைப்பது என்று நண்பன் கிரிட்டோ கேட்கிறான். எப்படி வேண்டுமானாலும் புதையுங்கள், நான் உங்கள் பிடியில் அகப்பட்டால், என்று சிரிக்கிறார். அப்புறம் விஷம். கால் மரத்து, குளிர் இடுப்புக்கு ஏறிவிட்டது. முகத்தை மூடியிருந்த துணியை விலக்கிக் கடைசியாகச் சொல்கிறார்: கிரிட்டோ, அஸ்கிலேபியஸுக்கு நாம் ஒரு சேவல் கொடுக்க வேண்டும், மறந்துவிடாதே.

அஸ்கிலேபியஸ் அவர்களுக்கு நோய் தீர்க்கிற சாமி. குணமானால் சேவல் கொடுப்பார்கள், நாம் முனியப்பனுக்கு நேர்ந்துகொள்வது மாதிரி. சாகிறவர் எதற்குக் கொடுக்க வேண்டும்? வாழ்க்கையே வியாதி, சாவு மருந்து என்கிறாரா? ஜெர்மன் தத்துவக்காரர் நீட்சே அப்படித்தான் எடுத்துக்கொண்டு கிழவர்மேல் கோபப்பட்டார். எனக்கு உன் பாட்டி ஞாபகம்தான் வந்தது. படுக்கையில் கிடந்தபோது என்னையே அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. முனியப்பனுக்கு ஒரு கோழி பாக்கி என்று மட்டும் மூன்று நாள் சொல்லிக்கொண்டிருந்தாள். கொண்டுபோய் அறுத்துவிட்டு வந்து காதில் சொன்னேன். அதன்பிறகு அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. சாக்ரடீஸுக்கும் பாக்கி வைத்துவிட்டுப் போகப் பிடிக்கவில்லை, அவ்வளவுதான் என்று நினைக்கிறேன். நான் நினைப்பது தப்பாகவும் இருக்கலாம். தப்பாக நினைப்பதற்காவது எனக்கு அந்தச் சேவல் வேண்டுமே. பத்து நிமிஷத்தில் சொல்கிறவர்கள் முதலில் வெட்டுவது அதைத்தான்.

பிரெஞ்சுத் தத்துவக்காரர் டெகார்டும் அப்படித்தான். "நான் சிந்திக்கிறேன், ஆகவே இருக்கிறேன்" என்று நீ ஒப்பித்தாய். மெழுகைச் சொன்னார்களா? 1641இல் வந்த புத்தகம். தேன்கூட்டிலிருந்து எடுத்த மெழுகுக் கட்டி ஒன்றைக் கையில் வைத்துப் பார்க்கிறார். தேன் ருசி இன்னும் போகவில்லை. பூ வாசம் கொஞ்சம் ஒட்டியிருக்கிறது. தட்டினால் சத்தம் வருகிறது. நெருப்புப் பக்கம் கொண்டுபோனால் ருசி போச்சு, வாசம் போச்சு, நிறம் மாறி உருகி ஓடுகிறது, தட்டினால் சத்தம் இல்லை. அதே மெழுகுதானே என்றால் எல்லோரும் ஆமாம் என்போம். கண்ணும் மூக்கும் கையும் சொன்னது அத்தனையும் மாறிவிட்டபோது, எதை வைத்து ஆமாம் என்கிறோம்? இதைப் படித்தபோது தையல் நூலுக்குத் தேய்க்கிற என் மெழுகுக் கட்டியை (நீ பிள்ளையார் பிடித்து விளையாடுவாயே, அதேதான்) அடுப்பில் பால் கரண்டியில் வைத்து உருக்கிப் பார்த்தேன். கரண்டி வீணானதற்கு அம்மா திட்டியது இன்னும் முடியவில்லை.

மணிமேகலையும் இதே சண்டையைப் போட்டிருக்கிறாள். வஞ்சி நகரத்தில் ஒவ்வொரு சமயக்காரரிடமும் போய்க் கேட்கிறாளே, அந்தக் காதையில், நிலம் நீர் போன்ற பூதங்களின் சேர்க்கைதான் எல்லாம் என்கிற பூதவாதி வருவான். கண்ணால் கண்டதைத்தான் ஒப்புக்கொள்வேன் என்பான். அப்படியானால் உன் அப்பா அம்மா யார் என்று அனுமானம் இல்லாமல் எப்படித் தெரிந்துகொண்டாய் என்பாள். அதைத் தைத்த அன்று உனக்கு ஆறு மாதம். தொட்டிலை எட்டிப் பார்த்து, நீ என்னை எந்த அளவையால் (அறிகிற வழியால்) அப்பா என்று அறிகிறாய் என்று கேட்டேன். அழுதாய்.

எல்லாம் எனக்குப் புரிந்தது என்று நினைத்துக்கொள்ளாதே. ஜெர்மன் தத்துவக்காரர் காண்ட்டை இரண்டு முறை பைண்ட் செய்திருக்கிறேன், ஒரு முறைகூடப் படித்து முடிக்கவில்லை. அந்த மாதிரி ஆளுக்கு உன் பத்து நிமிஷம் உபயோகம்தான். அனுப்பு, நானும் கேட்கிறேன்.

ஆனால் ஒன்று. பாரதக் கூத்துக்கு உன்னைத் தோளில் தூக்கிப் போயிருக்கிறேன். படுகளத்தில் மண்ணால் செய்த துரியோதனன் மல்லாந்து கிடப்பான். அவன் சாவான் என்று தெரியாதவர் அந்தக் கூட்டத்தில் உண்டா? தெரிந்தே விடிய விடிய உட்கார்ந்திருப்பார்கள். கெட்டவன் என்று வைதவர்களே அவனுக்காக அழுவார்கள். அழுதுவிட்டுக் கடலை வாங்கித் தின்றுகொண்டே வீட்டுக்குப் போவார்கள். அச்சமும் இரக்கமும் எழுந்து அடங்குவதற்கு அரிஸ்டாட்டில் ஒரு பெயர் வைத்தார், கதார்சிஸ் என்று. வைத்துவிட்டு விளக்காமல் போய்விட்டார். நம் தொல்காப்பியர், மனசில் எழுவது உடம்பில் தெரிவதை எட்டு மெய்ப்பாடு என்று கணக்கு வைத்திருக்கிறார். அதில் அழுகையும் உண்டு, அச்சமும் உண்டு. இருவரையும் ஒரு படுகளத்தில் கொண்டுவந்து உட்காரவைக்க வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாள் ஆசை.

நம்மூர்க்காரி என்று நான் உரிமை கொண்டாடுகிற ஔவையையும் சொல்லிவிடுகிறேன். தகடூர் (நம்ம தருமபுரியின் பழைய பெயர்) அதியமானோடு இருந்தவள்தானே. "நாடா கொன்றோ காடா கொன்றோ, அவலா கொன்றோ மிசையா கொன்றோ" என்று புறநானூற்றில் 187ஆம் பாட்டு. ஆடவர் எங்கே நல்லவர்களோ அங்கே நிலமும் நல்லது என்று முடியும். பௌத்தர்களின் தம்மபதத்தில் 98ஆம் பாட்டைப் பார். ஊரானாலும் காடானாலும், பள்ளமானாலும் மேடானாலும், அரஹந்தர் (பற்றெல்லாம் அறுத்தவர்) இருக்கிற இடம் இனிமையான இடம். சொல்லுக்குச் சொல் உட்காருகிறது, பார்த்தாயா? ஔவைக்கு நல்லவர், அங்கே அரஹந்தர். அந்த ஒரு சொல்லில்தான் இரண்டு பாட்டும் பிரிகிறது. இதெல்லாம் இரண்டு புத்தகத்தையும் மடியில் விரித்து வைத்தால்தான் கண்ணில் படும்.

சாக்கு மூன்றும் பரணிலேயே இருக்கும். வெள்ளையடிக்கிறவரிடம் சொல்லிவிட்டேன். பிளேட்டோ ஒன்று, மணிமேகலை ஒன்று, அப்புறம் மார்க்கஸ் ஔரேலியஸ், மூன்றையும் நாளைக்குப் பார்சல் போடுகிறேன். கடைசியது நம்ம தொரப்பள்ளி ராஜாஜி 'ஆத்ம சிந்தனை' என்று தமிழில் தந்தது. ரோமாபுரிச் சக்கரவர்த்தி காலையில் எழுந்திருக்கச் சோம்பல்பட்டு, போர்வைக்குள் சுகமாகக் கிடக்கவா பிறந்தாய் என்று தன்னைத்தானே கேட்டுக்கொள்கிறார். உனக்கு உதவும்.

பார்சலில் ஊறுகாய் வைக்க வேண்டாம், எண்ணெய் கசியும் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறேன். கேட்பாள் என்று நம்பிக்கை இல்லை. மூன்றுக்கும் புதிதாக முதுகு ஒட்டியிருக்கிறேன். பூச்சி வராமல் இருக்கப் பசையில் மயில்துத்தம் போட்டது, அது விஷம். விரலில் எச்சில் தொட்டுப் பக்கம் புரட்டுகிற பழக்கம் உனக்கு உண்டு. அது வேண்டாம்.

அப்பா