பள்ளிப் பிள்ளைகளுக்கு ஓர் இசைக்குழுப் படம்: நன்கொடை வேண்டுகோள்

அன்புடையீர்,

நம் வட்டாரத்து அரசுப் பள்ளிகளில் சில பழைய இசைக் குறும்படங்களைத் திரையிட எங்கள் திரைப்படக் கழகம் முடிவு செய்திருக்கிறது. அதற்கு உங்கள் உதவி வேண்டும்.

படங்கள் 1946இல் அமெரிக்காவில் எடுத்தவை. வாசிப்பது 'இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம்' என்ற நடன இசைக்குழு. டிரம்பெட், டிராம்போன், சாக்ஸபோன், டிரம்ஸ் எல்லாம் பெண்கள் கையில். அன்னா மே வின்பர்ன் என்ற பெண் முன்னால் நின்று நடத்துகிறார். வை பர்ன்சைடு என்ற கலைஞர் சாக்ஸபோனை எடுத்தால் நம்மை அறியாமல் கால் தாளம் போடும்!

அமெரிக்காவின் தென் மாநிலமான மிசிசிப்பியில் ஏழைக் கறுப்பினப் பிள்ளைகள் படித்த பைனி வுட்ஸ் பள்ளி, தனக்கு நிதி திரட்ட 1937இல் மாணவிகளை வைத்துத் தொடங்கிய குழு இது. 1941இல் பள்ளியை விட்டுப் பிரிந்து தனியாகவே நின்றார்கள். பேருந்தில் ஊர் ஊராகப் போனார்கள். கறுப்பினத்தவர் என்பதால் தென் மாநிலங்களில் இவர்களுக்கு ஹோட்டலில் அறை தரமாட்டார்கள், உணவகத்தில் உட்காரவிடமாட்டார்கள். அதனால் சாப்பாடு, தூக்கம் எல்லாம் பேருந்திலேயே. தனிக்குவளை பார்த்த நம் ஊருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்திருப்பதை அங்கே சட்டம் தடுத்தது; அதனால் பின்னாளில் சேர்ந்த வெள்ளைக்காரப் பெண்கள், போலீஸ் கண்ணில் படாமலிருக்க முகத்தில் கருமை பூசிக்கொண்டு உடன் வந்தார்கள். 1945இல் ஐரோப்பா போய், அங்கிருந்த கறுப்பினப் படைவீரர்களுக்கு வாசித்தார்கள்.

படத்தில் இதெல்லாம் இல்லை. நல்ல உடை, சிரித்த முகம், இசை, அவ்வளவுதான். ஆகவே திரையிடுவதற்கு முன் இந்தக் கதையைச் சொல்லியே தீரவேண்டும் என்று நினைக்கிறோம். தமிழில் சிறு கையேடு ஒன்றும் கொடுப்போம்.

பெரிய செலவு ஸ்பீக்கர்தான். ஒலிப்பதிவு பழையது, மடிக்கணினியின் சின்ன ஸ்பீக்கரில் போட்டால் வெறும் இரைச்சலாகக் கேட்கும். பிள்ளைகளுக்கு அந்தச் சாக்ஸபோன் சரியாகக் கேட்காவிட்டால் திரையிட்டே பயனில்லை. இரண்டு ஸ்பீக்கர், ஒரு புரொஜெக்டர், கையேடு அச்சு, வண்டி வாடகை என மொத்தம் 90,000 ரூபாய் ஆகும். கருவிகள் கழகத்தின் பொதுச் சொத்தாக இருக்கும். எந்தப் பள்ளி கேட்டாலும் வாடகையில்லாமல் தருவோம்.

100 ரூபாயும் பெரிய உதவிதான். பணமாக முடியாதவர்கள் வண்டி தரலாம், கையேட்டுக்குப் பிழை திருத்தித் தரலாம். நன்கொடையைப் பொருளாளரிடம் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். வரவு செலவுக் கணக்கை அடுத்த பொதுக்கூட்டத்தில் வைப்போம்.

இப்படிக்கு,
திரையிடல் குழுவினர்