வீட்டுக்கடன் நோட்டீஸ் தமிழில் வரட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வீட்டுக்கடன் தவணை தவறியவர்களின் வீடுகளைக் கையகப்படுத்தியதாகவும் ஏலம் விடப்போவதாகவும் வங்கிகள் தரும் அறிவிப்புகள் தமிழ் நாளிதழ்களில் வெளிவருகின்றன. இரண்டு நாளிதழ்களில், அவற்றுள் ஒன்று வட்டார மொழியில், வெளியிட வேண்டும் என்பது விதி. ஆனால் 60 நாட்களுக்குள் பாக்கியைக் கட்டச் சொல்லி கடன்தாரருக்கு முதலில் வரும் நோட்டீஸ் பெரும்பாலும் ஆங்கிலத்திலேயே இருக்கிறது. ஊராருக்குத் தமிழில் சொல்லும் வங்கி வீட்டுக்காரருக்கு மட்டும் ஆங்கிலத்தில் சொல்வது விந்தைதான்.

அந்த 60 நாள்தான் முக்கியம். நீதிமன்றம் போகாமலேயே அடமானச் சொத்தைக் கையகப்படுத்தி விற்க வங்கிகளுக்கு அதிகாரம் தரும் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி, நோட்டீஸ் கிடைத்தவர் தம் ஆட்சேபணையை எழுத்து மூலம் கொடுத்தால், வங்கி அதை ஏற்க இயலாதபோது 15 நாட்களுக்குள் காரணத்தோடு பதில் தர வேண்டும். நம் மக்களோ கிளை மேலாளரைப் பார்த்து வாய்வார்த்தையாக அவகாசம் கேட்டு, கையில் இருப்பதைக் கட்டிவிட்டு, விஷயம் முடிந்தது என்று வந்துவிடுகிறார்கள். பிறகு நெல்லை கொக்கிரகுளத்தில் உள்ள ஆட்சியர் அலுவலகத்திலிருந்தோ தலைமைக் குற்றவியல் நடுவரிடமிருந்தோ சுவாதீனத்துக்கு உத்தரவு வாங்கிக்கொண்டு வங்கி அதிகாரி வாசலில் வந்து நிற்கும்போதுதான் வக்கீலைத் தேடுகிறார்கள்.

அப்போதும் வழி இருக்கிறது. வங்கி நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனு செய்யலாம். அதற்கு வங்கி கோரும் தொகையில் முக்கால் பங்கை முன்கூட்டியே கட்ட வேண்டும் என்றிருந்த விதியை உச்ச நீதிமன்றம் 2004இல் ரத்து செய்துவிட்டது. ஆனால் நெல்லை மாவட்டத்துக்குரிய தீர்ப்பாயம் சுமார் 150 கிலோமீட்டர் தொலைவில், மதுரையில் இருக்கிறது. இது தெரியாமல் பாளையங்கோட்டை உரிமையியல் நீதிமன்றத்தில் தடையுத்தரவு கேட்பவர்கள், அந்த நீதிமன்றத்துக்கு இதில் அதிகாரமில்லை என்று சட்டத்தின் 34ஆம் பிரிவு சொல்வதை அறிவதற்குள் பொன்னான நாட்களை இழந்துவிடுகிறார்கள்.

இதைவிடக் கொடுமை பணத்தோடு போயும் திரும்ப நேர்வது. ஏலத்துக்கு முதல் நாள் வரை முழுத் தொகையையும் கட்டி வீட்டை மீட்டுவிடலாம் என்று இன்றும் பலர் நம்பி, நகையை விற்கவும் ஊர் நிலத்தைக் கிரயம் பேசவும் அலைகிறார்கள். 2016ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், ஏல அறிவிப்பு வெளியாகும் வரையில்தான் அந்த உரிமை உண்டு. உச்ச நீதிமன்றமும் 2023இல் இதையே உறுதி செய்தது. இந்த ஒரு வரி நோட்டீஸிலேயே தமிழில் இருந்திருந்தால் தப்பியிருக்கக்கூடிய வீடுகள் எத்தனையோ.

கடனைத் தள்ளுபடி செய்யுங்கள் என்று நான் கேட்கவில்லை. வங்கியில் இருப்பதும் நம்மைப் போன்றோரின் வைப்புப் பணம்தான். கடன்தாரரின் உரிமைகள், கெடு நாட்கள், மதுரைத் தீர்ப்பாயத்தின் முகவரி ஆகியவற்றைக் கூறும் ஒரு பக்கத் தமிழ்க் குறிப்பை ஒவ்வொரு நோட்டீஸுடனும் இணைக்க ரிசர்வ் வங்கி உத்தரவிட வேண்டும். தீர்ப்பாயம் மாதத்தில் சில நாட்களாவது திருநெல்வேலியில் அமர்வு நடத்த மத்திய நிதி அமைச்சகம் ஆவன செய்ய வேண்டும். தென்காசி, தூத்துக்குடி மாவட்டத்தாருக்கும் அது உதவும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
பாளையங்கோட்டை.